திருத்தத்தை ஆதரித்துவிட்டுத் தீர்மானத்தை எதிர்க்கலாமா?

தாராளமாக எதிர்க்கலாம். எங்கள் குடியிருப்புச் சங்கப் பொதுக்குழுவில் இதை வைத்து ஒரு சண்டையே நடந்தது. மாதப் பராமரிப்புக் கட்டணத்தை 2,000 ரூபாயிலிருந்து 2,500 ஆக உயர்த்த வேண்டும் என்று தீர்மானம். 2,500 என்பதை 2,200 ஆக்கலாம் என்று ஒருவர் திருத்தம் கொடுத்தார். நானும் கை தூக்கினேன், திருத்தம் ஜெயித்தது. அடுத்து, திருத்திய தீர்மானம் ஓட்டுக்கு வந்தபோது எதிர்த்துக் கை தூக்கினேன். “இப்பத்தானே சார் ஆதரிச்சீங்க?” என்று கோபித்துக்கொண்ட தலைவர், என் ஓட்டை எண்ணவே மாட்டேன் என்றார்.

அது தப்பு. திருத்தத்துக்குப் போடும் ஓட்டு, வாசகம் எப்படி இருக்க வேண்டும் என்பதற்கு மட்டும்தான். அதனால்தான் திருத்தத்தை முதலில் முடித்துவிட்டு, அப்புறம் தீர்மானத்துக்கு வருகிறார்கள். கட்டணம் ஏறவே கூடாது என்பவரும், ஏறித்தான் தீரும் என்றால் 2,200 ஆகவாவது இருக்கட்டும் என்று நினைக்கலாமே!

அன்றைக்கு இன்னொருவர் ‘உயர்த்த வேண்டும்’ என்பதை ‘உயர்த்தக் கூடாது’ என்று திருத்தச் சொன்னார். அது செல்லாது. எதிர்த்து ஓட்டுப் போட்டாலே கிடைக்கும் பலனை மட்டும் தருகிற திருத்தத்தை மக்களவை விதிகளும் ஏற்பதில்லை.

நாடாளுமன்றத்தில் சில சமயம் தீர்மானத்தைவிடத் திருத்தம்தான் பெரிய செய்தி. குடியரசுத் தலைவர் உரைக்கு நன்றி தெரிவிக்கும் தீர்மானத்தில், ‘ஆனால் இன்ன விஷயம் உரையில் இல்லை என்று வருந்துகிறோம்’ என ஒரு வாலைச் சேர்க்க எதிர்க்கட்சிகள் திருத்தம் கொடுக்கும். பெரும்பாலும் தோற்றுப்போகும். 2015 மார்ச் 3 அன்று மாநிலங்களவையில் தோற்கவில்லை. ஊழலைத் தடுக்கவும் கறுப்புப் பணத்தை மீட்கவும் அரசு தவறியது பற்றி சீதாராம் யெச்சூரி கொடுத்த திருத்தம் அது. வற்புறுத்த வேண்டாம் என்று அப்போதைய நாடாளுமன்ற விவகார அமைச்சர் வெங்கையா நாயுடு கேட்டுப் பார்த்தார், யெச்சூரி விடவில்லை. 118க்கு 57. கடைசியில் வருத்தமும் சேர்ந்தே நன்றி நிறைவேறியது! அடுத்த ஆண்டு குலாம் நபி ஆசாத்தின் திருத்தமும் 94க்கு 61 என்று ஜெயித்தது.

இரண்டு முறையும் அரசுக்குச் சங்கடம்தானே தவிர ஆபத்து இல்லை. அமைச்சரவை பதில் சொல்ல வேண்டியது மக்களவைக்கு. அங்கே இப்படித் தோற்றால் கதையே வேறு, பெரும்பான்மை போய்விட்டது என்றே எடுத்துக்கொள்வார்கள்.

என் ஓட்டு என்னவாயிற்று என்கிறீர்களா? கொஞ்சம் வாக்குவாதத்துக்குப் பிறகு எண்ணினார்கள். தோற்றேன். மாதம் 2,200 கட்டிக்கொண்டிருக்கிறேன்.