ஃபாக்லாந்து பிரபுவின் சாவைத் தற்கொலை என்று எழுதலாமா?

கேள்வி: முதுகலை வரலாறு படிக்கிறேன். அரசர் முதலாம் சார்லஸுக்கும் நாடாளுமன்றத்துக்கும் நடந்த ஆங்கில உள்நாட்டுப் போர் பற்றிய கருத்தரங்குக்கு, அரசர் பக்கம் நின்ற ஃபாக்லாந்து பிரபு லூசியஸ் கேரியை எடுத்திருக்கிறேன். 1643-ல் நியூபெரிப் போர்க்களத்தில் அவர் வேண்டுமென்றே உயிரை விட்டார் என்று படித்தேன். அப்படியே எழுதலாமா?

பதில்: வேண்டாம். யார் சொன்னது, சொன்னவர் அன்று எங்கே இருந்தார் என்று பிரித்துப் பாருங்கள்.

களத்தில் கூடவே இருந்தவர் அரசரின் குதிரைப்படைத் தளபதி ஜான் பைரன். வேலியில் ஒரு குதிரை மட்டும் நுழையும் அளவுக்குத்தான் இடைவெளி. அதை அகலப்படுத்தச் சொல்லிக்கொண்டிருந்தபோதே பைரனின் குதிரைக்குத் தொண்டையில் குண்டு பாய்ந்தது. அவர் வேறு குதிரை கேட்ட நேரத்தில் ஃபாக்லாந்து தன் குதிரையை முடுக்கி அந்த இடைவெளிக்குள் பாய்ந்துவிட்டார். இருவரும், குதிரையும் அவரும், அங்கேயே விழுந்தார்கள். வீரம் பெரிது, யோசனை போதாது என்பதுதான் பைரனின் கருத்து. சாவைத் தேடிப் போனார் என்று அவர் சொல்லவில்லை.

அன்று காலை ஃபாக்லாந்து சலவைச் சட்டை கேட்டு வாங்கி உடுத்தினார், செத்தால் அழுக்குத் துணியோடு கிடக்கக் கூடாது என்றார் என்பது வைட்லாக் எழுதியது. அவர் எதிர்த்தரப்பு நாடாளுமன்ற உறுப்பினர். அரசரின் முகாமில் நடந்ததை நேரில் பார்க்க வழியில்லாதவர். எல்லோரும் எடுத்தாளும் கதை இதுதான், ஆதாரத்தில் மெலிந்ததும் இதுதான்.

மூன்றாவது சாட்சி, உயிர் நண்பர் எட்வர்ட் ஹைட், பின்னாளில் கிளாரெண்டன் பிரபு. போர் தொடங்கியதிலிருந்து நண்பருக்குத் தூக்கம் போயிற்று, உடையில் அக்கறை போயிற்று, நண்பர்கள் நடுவே நெடுநேரம் பேசாமல் இருந்துவிட்டு "சமாதானம், சமாதானம்" என்று முனகுவார் என்கிறார். ஆனால் போர் நாள் காலையில் உற்சாகமாக இருந்தார் என்று எழுதியவரும் அவரே! சமாதானம் கேட்பது கோழைத்தனத்தால் அல்ல என்று காட்டவே ஃபாக்லாந்து ஆபத்தில் முன்னே நின்றார் என்ற விளக்கமும் அவர் தருவதுதான். எனக்கு இது நம்பும்படி இருக்கிறது.

அப்புறம், சாவைப் பற்றியே கட்டுரை முழுக்க எழுதிவிடாதீர்கள். 33 வயதில் போனவர். கிரேக்கம் கைவராமல் லண்டனைப் பார்ப்பதில்லை என்று சபதம் எடுத்துப் படித்தவர். 1640-ல் நாடாளுமன்றத்துக்குப் போய் அரசரின் வரிக்குத் துணைபோன நீதிபதிகளைக் கண்டித்தார். 1642-ல் அதே அரசருக்குச் செயலர் ஆனார். இந்தத் திருப்பம்தான் உங்கள் கட்டுரையின் உயிர். ஆக்ஸ்ஃபோர்டுக்கு அருகே கிரேட் டியூ என்ற ஊரில் இருந்த அவர் வீட்டுக்கு ஆக்ஸ்ஃபோர்ட் அறிஞர்கள் வந்து வாரக்கணக்கில் தங்கிப் படிப்பார்கள். இன்று யார் யார் வந்திருக்கிறார்கள் என்பது சாப்பாட்டு மேசைக்கு வந்த பிறகுதான் வீட்டுக்காரருக்கே தெரியும். அங்கிருந்து தொடங்குங்கள்.