கிரிஸ்டல் கண்ணாடி ஏன் மங்குகிறது? எப்படிக் கழுவ வேண்டும்?

சாதாரணக் கண்ணாடியில் மணலோடு சோடாவும் சுண்ணாம்பும் இருக்கும். சுண்ணாம்புக்குப் பதில் ஈய ஆக்சைடு சேர்ப்பதே பழைய முறைக் கிரிஸ்டல். ஐரோப்பிய விதிப்படி 'லெட் கிரிஸ்டல்' (ஈயக் கிரிஸ்டல்) என்று விற்க ஈய ஆக்சைடு 24 சதவீதமாவது இருக்க வேண்டும். அந்த மினுமினுப்பும், விரலால் சுண்டினால் நீண்டு ஒலிக்கும் 'ணங்' ஓசையும் ஈயம் தந்தவை. அதே ஈயம் கண்ணாடியை மென்மையாக்கியும் விடுகிறது. சட்டென்று கீறல் விழும்.

அதனால் டிஷ்வாஷரில் போடவே போடாதீர்கள். சூடும் காரமான சோப்புத்தூளும் சேர்ந்து மேற்பரப்பை அரித்துவிடும். வெதுவெதுப்பான நீர், இரண்டு சொட்டு சோப்புத் திரவம், மென்மையான ஸ்பாஞ்சு போதும். சிங்க்கின் உள்ளே ஒரு துண்டை விரித்துக்கொள்ளுங்கள். காம்பு வைத்த கிளாஸைத் துடைக்கும்போது காம்பைப் பிடித்துக்கொண்டு மேலே உள்ள கிண்ணத்தைத் திருகினால் இரண்டும் சேரும் இடத்தில் படக்கென்று ஒடியும்; கிண்ணத்தையே பிடியுங்கள்.

வெந்நீர்ப் பாத்திரத்தின் அடியில் படியுமே வெள்ளை உப்பு, அதேதான் கிளாஸிலும் மங்கலாகப் படிகிறது. வினிகர் கலந்த நீரில் கால் மணி நேரம் வைத்துக் கழுவினால் போய்விடும். ராத்திரி முழுக்க ஊறவைக்க வேண்டாம், புளிப்பு ஈயத்தைக் கரைக்கும். ஒயினையோ பழச்சாற்றையோ கிரிஸ்டலில் நாள்கணக்கில் சேமிக்கக் கூடாது என்பதும் இதனால்தான்.

எந்த மங்கலையும் வினிகர் போக்கும் என்று பலர் நினைக்கிறார்கள். உப்புப் படிவு மட்டுமே போகும், டிஷ்வாஷர் அரித்த மங்கலை வீட்டில் சரிசெய்ய முடியாது.