சின்ஹலைட்: சிங்கமும் சேரனும்

அன்புள்ள அண்ணனுக்கு,

மனைவியின் மோதிரத்தில் கல் கழன்று விழுந்துவிட்டது. வேறு கல் வைக்கலாம் என்று திருவனந்தபுரம் சாலையில் ஒரு ரத்தினக் கடைக்குப் போயிருந்தோம். கடைக்காரர் தேன் நிறத்தில் ஒன்றை எடுத்துக் காட்டி, "இது சின்ஹலைட், சிலோன் கல்லு, ரொம்ப அபூர்வம், பேரிலேயே சிம்மம் இருக்கு, சிம்ம ராசிக்கு இதைவிட நல்ல கல் கிடையாது" என்றார். மனைவிக்கு சிம்ம ராசிதான். விலையைக் கேட்டதும் எழுந்து வந்துவிட்டோம், ஆனாலும் விஷயம் மண்டைக்குள் ஓடிக்கொண்டே இருக்கிறது. இணையத்தில் தேடினால் அது ஒரு போரேட் கனிமம் என்று வருகிறது. கூடவே செரண்டிபைட் என்று இன்னொரு கல்லும் வருகிறது, அதற்கும் இலங்கையை வைத்துத்தான் பேராம். செரண்டிப் என்றால் சேரன் தீவு என்று பள்ளியில் எங்கள் வாத்தியார் சொல்லியிருக்கிறார், வாட்ஸப்பிலும் அடிக்கடி சுற்றுகிறது. அப்படியானால் அது சேர நாட்டுப் பேர்தானே? இலங்கையும் நம் பகுதியும் ஒட்டியிருந்த நிலம் என்கிறார்களே, இந்தக் கல் நம் பக்கம் கிடைக்குமா? என் நண்பன் ஒருவன், "சிங்களப் பேர் வைத்த கல்லைப் போய் கையில் போடுவியா" என்று கேட்கிறான். அதற்கும் ஒரு பதில் சொல்லுங்கள்.

அன்புடன்,
ஒரு வாசகன், பாறசாலை

அன்புள்ள தம்பி,

ராசி விஷயத்தை முதலில் முடித்துவிடுவோம், அதற்கு ரொம்ப நேரம் வேண்டாம். சின்ஹலைட் என்று ஒரு தனிக் கனிமம் இருப்பதே 1952க்கு முன் உலகத்தில் யாருக்கும் தெரியாது. அதற்கு முன்னால் எழுதப்பட்ட எந்த ஜோதிட நூலிலும் அது இருக்க வழியில்லை. சிம்ம ராசிக்கு அதிபதி சூரியன், சூரியனுக்கு மாணிக்கம் என்பதுதான் ஜோசியர்கள் காலங்காலமாகச் சொல்லிவருவது. உன் கடைக்காரர் பேரில் இருக்கும் சிம்மத்தைப் பிடித்துக்கொண்டு ஒரு புதுச் சாஸ்திரத்தை உன் கண் முன்னாலேயே எழுதியிருக்கிறார். கெட்டிக்காரர்தான், வியாபாரம் என்றால் அப்படித்தான்.

கல் அபூர்வம் என்று அவர் சொன்னது மட்டும் பொய்யில்லை.

இலங்கையில் இரத்தினபுரிப் பக்கம் வயலுக்கடியில் குழி தோண்டி, 'இல்லம்' என்று அங்கே சொல்கிற சரளை அடுக்கை வெளியே எடுத்து, கூடையில் போட்டு அலசித்தான் கல் பொறுக்குகிறார்கள். நீலம், மாணிக்கம், கோமேதகம், ஸ்பினல் என்று எல்லாம் கலந்து வரும். அதற்குள் இந்தப் பழுப்புக் கல்லும் காலங்காலமாக வந்துகொண்டுதான் இருந்தது. பெரிடாட் தெரியும் அல்லவா, பச்சையாக இருக்குமே, ஒலிவின் என்ற கனிமத்தின் ரத்தின வகை, அதில் பழுப்பு ரகம் இது என்று நினைத்து விற்றார்கள், அருங்காட்சியகங்களிலும் அதே சீட்டை ஒட்டி வைத்திருந்தார்கள். பழுப்பு நிறம் இரும்பால் வந்திருக்கும் என்று நினைப்பது இயல்புதானே. ஆனால் லண்டனில் ரத்தினச் சோதனை செய்துகொண்டிருந்த பி. டபிள்யூ. ஆண்டர்சன் போன்றவர்களுக்கு இதில் ஏதோ இடித்தது. பெரிடாட்டின் அடர்த்தி 3.34க்குப் பக்கம், இந்தக் கல்லுக்கோ 3.48. ஒளி இரண்டாகப் பிரியும் விதமும் ஒத்துப்போகவில்லை, நிறமாலையில் பெரிடாட்டுக்கு இல்லாத ஒரு கோடு கூடுதலாகத் தெரிந்தது. கடைசியில் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தின் கிளாரிங்புல்லும் ஹேயும் எக்ஸ்ரே எடுத்து, வேதியியல் பகுப்பாய்வும் செய்து பார்த்தபோது உள்ளே சிலிக்கானைக் காணோம், அந்த இடத்தில் போரான் உட்கார்ந்திருந்தது.

எனக்கு இந்தக் கதையில் ரொம்பப் பிடித்த இடம் இதுதான். ஒலிவினில் இரண்டு மக்னீசியம், ஒரு சிலிக்கான், நான்கு ஆக்சிஜன். சின்ஹலைட்டில் ஒரு மக்னீசியம், ஒரு அலுமினியம், ஒரு போரான், அதே நான்கு ஆக்சிஜன். மின்சுமையைக் கூட்டிப் பார்: அங்கே இரண்டும் இரண்டும் நான்கும், இங்கே இரண்டும் மூன்றும் மூன்றும், இரண்டுமே எட்டு. கணக்கு இடிக்காததால் வீட்டின் பிளான் அப்படியே இருக்கிறது, குடித்தனக்காரர்கள் மட்டும் மாறிவிட்டார்கள். வெளியிலிருந்து பார்த்தவர்கள் பழைய குடித்தனம் என்று நினைத்ததில் ஆச்சரியமே இல்லை.

போரேட், அதாவது போரானும் ஆக்சிஜனும் சேர்ந்த கூட்டு, நமக்குத் தெரியாத பொருளும் அல்ல. தட்டான் பட்டறையில் பொடி வைத்துப் பற்றவைக்கும்போது போடுகிற வெண்காரம் ஒரு போரேட்தான். கேரம் போர்டில் தூவும் பவுடர் என்று போரிக் அமிலத்தைத்தான் ரொம்ப நாள் விற்றார்கள். இந்த உறவுக்காரர்கள் பெரும்பாலும் வறண்ட ஏரிப் படுகைகளில் நீர் ஆவியாகிப் படிந்தவர்கள். துருக்கியிலும் கலிபோர்னியாவிலும் மலைபோல் தோண்டி எடுக்கிறார்கள், நம் லடாக்கின் புகா பள்ளத்தாக்கிலும் உண்டு. மெத்தென்று, வெளுப்பாக, உடம்பெல்லாம் தண்ணீரைச் சுமந்துகொண்டு, சூடு காட்டினால் பொங்கிவிடும். சின்ஹலைட் இந்தக் குடும்பத்திலேயே சேராதவன் மாதிரி இருக்கும். துளித் தண்ணீர் கிடையாது, கடினம் 6.5 முதல் 7 வரை, பூமிக்கு அடியில் பெரும் சூட்டிலும் அழுத்தத்திலும் வெந்து உருவானது.

ஏன் அபூர்வம் என்றால், அதற்கான கூட்டுப் பொருள்கள் ஒரே இடத்தில் சேர்வது கஷ்டம். மக்னீசியம் மிகுந்த சுண்ணாம்புப் பாறை வேண்டும், போரான் வேண்டும், சிலிக்கா குறைவாக இருக்க வேண்டும். பூமியின் மேலோட்டிலோ போரான் ரொம்பக் குறைவு, சிலிக்கா கொட்டிக் கிடக்கிறது. சிலிக்கா தாராளமாக இருந்தால் போரான் பெரும்பாலும் டூர்மலின் என்ற கனிமத்துக்குள் போய் ஒளிந்துகொள்ளும்.

இப்போது பேருக்கு வருவோம். கிளாரிங்புல்லும் ஹேயும் அந்தத் தீவுக்குச் சமஸ்கிருதத்தில் வழங்கிய சிம்ஹள என்ற பேரை எடுத்து, கனிமங்களுக்கு வழக்கமாக ஒட்டுகிற கிரேக்க வாலைச் சேர்த்தார்கள். கல் எங்கே கிடைத்ததோ அந்த இடத்தைச் சொல்கிற பேர், அவ்வளவுதான் அவர்கள் நோக்கம். அந்த இடப்பேருக்குள் ஒரு சிங்கம் இருக்கிறதே என்றால், இருக்கிறது. சிங்களரின் முதல் அரசன் என்று சொல்லப்படும் விஜயனின் தகப்பன் சிங்கத்துக்குப் பிறந்தவன் என்று மகாவம்சம் கதை சொல்கிறது. ஆனால் அது தீவின் பேரோடு வந்த சிங்கம், கல்லுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை.

செரண்டிபைட் இதற்கு மூத்தது. வான நீலமும் கருநீலமுமாக இருக்கும். கால்சியம், மக்னீசியம், அலுமினியம், சிலிக்கான், போரான் எல்லாம் சேர்ந்த கூட்டணி, சுத்தமான போரேட் என்று சொல்ல முடியாது. இலங்கையில் கங்கபிட்டிய என்ற இடத்தில், சுண்ணாம்புப் பாறை இன்னொரு பாறையைத் தொடுகிற விளிம்பில் கிடைத்ததை 1903இல் இரண்டு பேர் சேர்ந்து எழுதி வெளியிட்டார்கள். ஒருவர் லண்டன் அருங்காட்சியகத்தின் பிரையர். இன்னொருவர் பேரைக் கேட்டால் நீ நிமிர்ந்து உட்காருவாய்: ஆனந்த குமாரசாமி. ஆமாம், நடராசர் வடிவத்தைப் பற்றி எழுதி உலகத்தையே திரும்பிப் பார்க்க வைத்த அதே ஆள்தான். கலைப் பக்கம் முழுதாகத் திரும்புவதற்கு முன் அவர் பாறை ஆராய்ச்சியாளர். கொழும்பில் 1877இல் பிறந்தவர், தகப்பனார் சர் முத்து குமாரசாமி தமிழர், தாயார் ஆங்கிலேயப் பெண்மணி. இலங்கையின் கனிம ஆய்வுத் துறைக்கு முதல் இயக்குநராக 1903 முதல் 1906 வரை இருந்தார். நம்மவர்களில் அவருடைய கலைக் கட்டுரைகளைப் படித்த நூறு பேருக்கு ஒருவருக்காவது இது தெரிந்திருக்குமா என்பது சந்தேகம்.

ஆக, தமிழ்த் தகப்பனுக்குப் பிறந்த ஒருவர் பங்கெடுத்து வைத்த பேர்தான் அது, ஆனாலும் அதில் சேரன் இல்லை. செரண்டிப் என்பது அரபிக் கப்பல்காரர்கள் வாயில் வழங்கிய சரந்தீப். ஆதம் நபி இறங்கிய மலை அங்கே இருப்பதாகச் சொல்கிற மரபும் அந்தப் பேரோடுதான் வருகிறது, நம் பக்கத்துக் கடற்கரை முஸ்லிம் பெரியவர்களைக் கேட்டால் சொல்வார்கள். அது எங்கிருந்து வந்தது என்று பின்னால் போனால், 6ஆம் நூற்றாண்டில் கிரேக்க மொழியில் எழுதிய காஸ்மாஸ் அதே தீவை சியலெதிபா என்கிறார், அதற்கும் பின்னால் பாலியில் சீஹளதீப, சமஸ்கிருதத்தில் சிம்ஹளத்வீப. லகரம் ரகரமாவது ஒன்றும் பெரிய அதிசயம் இல்லை.

சேரன் தீவு காதுக்கு இனிமையாகத்தான் இருக்கிறது. ஆனால் ஒன்றை யோசித்துப் பார். அந்தக் காலத்து வெளிநாட்டார் சேரனை எப்படி எழுதினார்கள்? அசோகன் கல்வெட்டில் கேரளபுத்திரன், ரோமானிய எழுத்தாளர் பிளினி கைலோபோத்ராஸ் என்கிறார், கிரேக்கர்களின் கடல்வழிக் குறிப்பில் கேரோபோத்ரா. எல்லா இடத்திலும் ககரம்தான். சேரனைக் கேரன் என்றே கேட்டுப் பழகியவர்கள், தீவுக்கு மட்டும் திடீரென்று சகரம் போட்டு எழுதினார்கள் என்றால் அதற்குத் தனியாக ஒரு காரணம் காட்ட வேண்டும். அப்படி யாரும் காட்டி நான் பார்க்கவில்லை. உன் வாத்தியார் மேல் எனக்குக் கோபம் இல்லை, வாட்ஸப் மேல்தான்.

வேடிக்கை என்னவென்றால், சின்ஹலைட், செரண்டிபைட் இரண்டு பேருக்கும் வேர் ஒன்றுதான். ஒன்று நேராக வந்தது, மற்றது அரபிக் கடலைச் சுற்றிக்கொண்டு வந்தது. இரண்டிலும் போரான். இதில் இன்னொரு கூத்து: சின்ஹலைட் இரண்டாவதாகக் கிடைத்த இடம் அமெரிக்காவில், நியூயார்க் மாநிலத்தின் வாரன் கவுன்டி. 1955இல் எழுதியிருக்கிறார்கள். அங்கே செரண்டிபைட் ஏற்கெனவே கிடைத்திருந்தது!

உன் நண்பனுடைய கேள்விக்கு வருகிறேன். அவன் கோபம் எங்கிருந்து வருகிறது என்று எனக்குத் தெரியும், அதைக் கிண்டல் செய்ய மாட்டேன். ஆனால் கல்லின் பேரில் அதைக் காட்டுவதில் அர்த்தம் இல்லை. களியக்காவிளை வழியாகக் கேரளத்துக்குப் போகும் கல் லாரிகளை நீ தினமும் பார்ப்பாய். அந்தக் கல்லில் ஒரு வகைக்குப் பேர் சார்னோக்கைட். கல்கத்தாவில் ஜாப் சார்னாக் என்ற கிழக்கிந்தியக் கம்பெனிக்காரனின் கல்லறைக்கு வைத்த கல்லைப் பார்த்து 1893இல் ஹாலண்ட் என்பவர் வைத்த பேர், அந்தக் கல்லோ சென்னைப் பக்கத்திலிருந்து போனது. இன்னொரு வகை கோண்டலைட், திருவனந்தபுரம் வட்டாரம் முழுக்க உன் காலடியில் இருப்பது, ஒடிசாவின் கோந்த் பழங்குடிகள் பேரில் அழைக்கப்படுகிறது. நம் வீட்டு அஸ்திவாரத்தில் கல்கத்தாக்காரன் ஒருவனும் ஒடிசாப் பழங்குடியும் பேராக உட்கார்ந்திருக்கிறார்கள், இதுவரை யாரும் வழக்குப் போடவில்லை. உன் நண்பன் வீடு கட்டியிருந்தால் இதைச் சொல்.

நம் பக்கம் கிடைக்குமா என்று கேட்டாய். கோண்டுவானா நிலம் ஒன்றாக இருந்தபோது இலங்கையின் நடுமேட்டுப் பாறைகளும் தென்கேரளத்துப் பாறைகளும் அக்கம்பக்கம் என்பது உண்மை, சுமார் 55 கோடி வருஷம் முன் இரண்டும் ஒரே சூட்டில் வெந்தவை. ஆனால் மேலே சொன்ன கூட்டுப் பொருள்களை நினைத்துக்கொள். கோண்டலைட் என்பதே குவார்ட்ஸும் கார்னெட்டும் சில்லிமனைட்டும், அதாவது சிலிக்கா ஏராளம். சின்ஹலைட்டுக்கு அது ஒத்துக்கொள்ளாது. திருவனந்தபுரம் மாவட்டத்தில் கிடைப்பது வைடூரியம், அதாவது கிரிசோபெரில், அதற்கு வேண்டியது போரான் அல்ல, பெரிலியம்.

நம் மண்ணின் உண்மையான அபூர்வம் கடற்கரையில் இருக்கிறது. திருவிதாங்கூரிலிருந்து ஜெர்மனிக்குப் போன கயிற்றில் ஒட்டியிருந்த மணலைப் பார்த்துத்தான் 1909இல் ஷோம்பர்க் என்ற வேதியியலாளர் அதில் மோனசைட் என்ற கனிமம் இருப்பதைக் கண்டார். மணவாளக்குறிச்சியின் கதை அங்கே தொடங்குகிறது, உள்ளே இருப்பது தோரியம் என்ற கதிரியக்கத் தனிமம். அதற்குக் கொஞ்சம் முன்னால், 1904இல், தோரியனைட் என்ற கனிமம் இலங்கையில் அடையாளம் காணப்பட்டது. அதை முதலில் விவரித்து எழுதியதும் குமாரசாமிதான். அவரைப் பற்றித் தனியாக எழுத வேண்டும், எழுதுகிறேன்.

கடைசியாக மோதிரம். தேன் நிறத்தில் சிர்கான் உண்டு, சிட்ரின் உண்டு, கண்ணாடியும் உண்டு, எல்லாவற்றையும் சின்ஹலைட் என்று சொல்ல ஒரு வாய் போதும். வாங்குவதானால் ஒளிவிலகல் எண் போட்ட ஆய்வகச் சான்றிதழ் கேள், 1.67 முதல் 1.71 வரை இருக்க வேண்டும். ஆனால் பெரிடாட்டின் எண்ணும் அதை உரசிக்கொண்டுதான் போகும், அதனால் அடர்த்தியையும் நிறமாலையையும் பார்த்தார்களா என்றும் கேள். அப்படியே உண்மையான கல்லாக இருந்தாலும் தினமும் பாத்திரம் தேய்க்கிற கைக்கு இது வேண்டாம். தூசியில் இருக்கிற குவார்ட்ஸே கடினம் 7, கொஞ்ச நாளில் முகமெல்லாம் மங்கிவிடும். கழுத்தில் டாலராகப் போடலாம். மோதிரத்துக்கு ஒரு சின்ன நீலமோ ஸ்பினலோ பார், இரண்டும் இலங்கைக் கல்லாகவே கிடைக்கும். கழன்று விழுந்த கல் என்ன கல் என்று நீ சொல்லவே இல்லையே, அதை எழுது.

அன்புடன்,
அண்ணன்