சேலம் வெயில்ல முயல் வளக்கறவங்க கேளுங்க, தெரிஞ்சதைச் சொல்றேன்

கே: அண்ணா, அம்மாபேட்டைல மாடில சிமெண்ட் ஷீட்டுக்குக் கீழ கூண்டு. மத்தியானம் ரெண்டும் நீட்டிப் படுத்துக்குதுங்க. ஃபேன் போட்டிருக்கேன், போதும்ல?

ப: நீட்டிப் படுக்கறது பரவால்ல தம்பி, சூடு தணிச்சுக்கத்தான் அப்படிப் படுக்குது. ஃபேன் மட்டும் போதாது. நமக்கு வேர்க்கும், அதுல காத்து பட்டா குளிரும், முயலுக்கு அப்படி வேர்க்காது, சூடு முக்கியமா காது வழியாத்தான் வெளிய போவணும், 40 டிகிரி அடிக்கறப்ப ஃபேன் அனலைத்தான் அது மேல தள்ளும். காதை ஈரத்துணியால தொடச்சு விட்டுட்டு ஃபேனைப் போடு. அதுக்கு முன்னாடி கூண்டைக் கீழ் வீட்டுக்கு இறக்கு, ஷீட்டுக்கு அடில ஏப்ரல் மே தாங்கவே தாங்காது. பாட்டில்ல தண்ணி ஊத்தி ஃப்ரீசர்ல கட்டியாக்கி துண்டு சுத்தி உள்ள வை, அதுவே போய் சாஞ்சுக்கும்.

கே: ஹீட் ஸ்ட்ரோக்னு எப்படிங்க கண்டுபிடிக்கறது?

ப: காது செவந்து கொதிக்கும், மூச்சு படபடன்னு வாங்கும், மூக்கைச் சுத்தி ஈரமா இருக்கும், எச்சில் ஒழுகும், நடந்தா தள்ளாடும். முயல் எப்பவும் மூக்காலதான் மூச்சு விடும், வாயைத் திறந்து விட்டுச்சுன்னா அதுக்கப்புறம் கேள்வி கேட்டுட்டு இருக்காதீங்க, டாக்டர்கிட்ட ஓடுங்க.

கே: பக்கெட் தண்ணில முக்கி எடுக்கலாம்னு பக்கத்து வீட்ல சொல்றாங்க?

ப: ஐயோ வேணாம்மா. திடீர்னு சில்லுத் தண்ணில போட்டா அதிர்ச்சிலயே போயிடும். நிழலுக்குக் கொண்டு போயி சாதா தண்ணில காதையும் பாதத்தையும் நனைச்சு விடு, ஐஸ் தண்ணி வேணாம். வாயில ஊத்தாத, புரையேறிடும். தட்டுல வச்சா அதுவா குடிக்கட்டும். தேறி எந்திரிச்சுட்டாலும் டாக்டர்கிட்ட காட்டிடு, ஏன்னா உள்ளுக்குள்ள பாதிப்பு இருக்கலாம், சாப்பிடாம புழுக்கை போடாம இருந்துச்சுன்னா குடல் நின்னு போய் அதுலயே செத்துடும்.

கே: நாங்க ஏற்காடுங்க, எங்களுக்கு இந்த பயம் இல்லைல்ல?

ப: அங்க கம்மிதான். ஆனா கீழ சேலத்துக்கு கார்ல கொண்டு வர்றப்பதான் ஆபத்து, குளிர்ல வளந்தது, 20 கொண்டை ஊசி வளைவு இறங்கறதுக்குள்ள வெக்கை ஏறிடும். விடிகாலைல இறங்குங்க. டீ குடிக்கறதுக்குக் கூட கண்ணாடி ஏத்திட்டு உள்ள விட்டுப் போயிடாதீங்க.

கே: மே மாசம் ஜோடி சேர்த்தும் குட்டியே தங்கலைங்க.

ப: பெண் முயலைக் குத்தம் சொல்லாதீங்க. சூட்டுல ஆணுக்கு விந்து கெட்டுப் போயிடும், வெயில் தணிஞ்சாலும் திரும்ப சில வாரம் ஆகும். மழை பேஞ்சு கொஞ்ச நாள் விட்டு சேருங்க.