மருத்துவர் அல்லர், நோயாளி

கேள்வி: ஜப்பானிய பேஸ்பால் வீரர் ஷோஹெய் ஓட்டானிக்கு 2018இல் ‘டாமி ஜான் அறுவைச் சிகிச்சை’ நடந்தது என்று படித்தேன். அந்த டாமி ஜான் எந்த ஊர் மருத்துவர்?

பதில்: ‘மருத்துவர்’ என்ற சொல்லைத்தான் முதலில் திருத்த வேண்டியிருக்கிறது. டாமி ஜான் கத்தியைப் பிடித்தவர் அல்லர். கத்திக்குக் கையை நீட்டியவர். ஒரு சிகிச்சைக்கு அதை வகுத்த மருத்துவரின் பெயர் நிலைப்பதே வழக்கம். நோயாளியின் பெயர் நிலைப்பது அபூர்வம். அந்தப் பெருமையே அவருக்கு வினையாகவும் முடிந்தது. 26 பருவங்கள் ஆடி 288 ஆட்டங்களை வென்று கொடுத்த ஒரு பிட்சரை, அதாவது பந்தெறிபவரை, அவருடைய பெயரைத் தாங்கிய சிகிச்சையே விழுங்கிவிட்டது. குறை உங்களுடையதன்று, அமெரிக்காவிலேயே பலருக்கு அவர் ஆடியது தெரியாது.

இண்டியானா மாநிலத்து டெர்ரே ஹோட் நகரில் 1943இல் பிறந்த இந்த இடக்கைப் பிட்சர், 1963இல் கிளீவ்லண்ட் அணிக்காக முதலில் களமிறங்கி, சிகாகோ வொயிட் சாக்ஸ் வழியாக 1972இல் லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸ் அணிக்கு வந்து சேர்ந்தார். வேகம் அவருடைய ஆயுதம் அன்று. ‘சிங்க்கர்’ என்ற வகைப் பந்துதான் அவருக்குச் சோறு போட்டது. மட்டையை நெருங்கும்போது அது தாழ்ந்துவிடும். அடிப்பவர் பந்தின் தலையைத்தான் தட்டுவார். அது தரையில் உருண்டு களத்தில் நிற்பவரின் கைக்குப் போய்ச் சேரும். வேகமானியில் தெரியும் எண்ணே திறமை என்று பேசுபவர்களோடு இந்தப் பக்கத்தில் நான் பல ஆண்டுகளாக வாதாடி வருகிறேன். டாமி ஜானைவிட நல்ல சாட்சி எனக்குக் கிடையாது.

1974ஆம் ஆண்டு ஜூலை 17 அன்று, அந்தப் பருவத்தில் அதுவரை 13 வெற்றி 3 தோல்வி என்ற கணக்கோடு மாண்ட்ரியால் அணிக்கு எதிராக ஆடிக்கொண்டிருந்தபோது, ஒரு பந்தை எறிந்த கணத்தில் அவருடைய இடக்கை முழங்கையின் உட்புற நார் அறுந்தது. அவர் இன்னொரு பந்தையும் எறிந்து பார்த்துவிட்டுத்தான் களத்தைவிட்டு இறங்கினார். அந்த நார் போனால் பிட்சரின் பிழைப்பும் போயிற்று என்பதே அன்றைய நிலை. அணி மருத்துவர் ஃபிராங்க் ஜோப், அதுவரை எந்தப் பிட்சருக்கும் செய்யாத ஒன்றைச் செப்டம்பர் 25 அன்று செய்தார். உங்கள் கட்டைவிரலையும் சுண்டுவிரலையும் சேர்த்து, மணிக்கட்டைச் சற்று மடக்கிப் பாருங்கள். நடுவே கயிறுபோல் ஒன்று புடைத்து நிற்கும். சிலருக்குப் பிறவியிலேயே அது இருப்பதில்லை, அதனால் அவர்களுடைய கை எந்த வேலைக்கும் குறைபடுவதும் இல்லை. அந்தத் தசைநாணை ஜானின் வலக்கையிலிருந்து எடுத்து, இடக்கை முழங்கை எலும்புகளில் துளையிட்டுக் கோத்துக் கட்டினார் ஜோப். மீண்டும் ஆட நூற்றில் ஒரு வாய்ப்புதான் உண்டு என்று அவரே சொல்லியிருந்தார்.

பிறகு நரம்புக் கோளாறால் விரல்கள் மடங்கிப்போய், இன்னோர் அறுவையும் தேவைப்பட்டது. 1975 முழுவதும் ஒரே ஓர் ஆட்டம்கூட ஆடாமல், பந்தைப் பிடிப்பதிலிருந்தே மீண்டும் பழகி, 1976 ஏப்ரலில் அவர் களத்துக்குத் திரும்பினார். 288 வெற்றிகளில் 164 அதற்குப் பிறகு வந்தவை. ஒரே பருவத்தில் 20 வெற்றிகள் என்ற எல்லையை அவர் மூன்று முறை எட்டினார். 1977, 1979, 1980 ஆகிய அந்த மூன்றும் தைத்த கையால் பெற்றவை. 46 வயதில், 1989இல்தான் ஆட்டத்தை விட்டார்.

இந்தக் கதையில் எனக்கு ஆறாத கோபம் ஒன்று உண்டு. அமெரிக்காவில் சில பெற்றோர், காயமே இல்லாத தங்கள் பிள்ளைக்கும் இந்த அறுவையைச் செய்துவிட்டால் பந்தின் வேகம் கூடும் என்று நம்பி மருத்துவரைத் தேடிப் போகிறார்கள். அறுந்ததை ஒட்டுவதைத் தவிர இந்தச் சிகிச்சை வேறெதையும் தருவதில்லை என்று விளையாட்டு மருத்துவர்கள் சொல்லிச் சொல்லிச் சலித்துவிட்டார்கள். வேகத்தை நம்பாமல் வாழ்ந்த ஒருவரின் பெயரால் வேகத்தை வாங்கப் போவதைக் கொடுமை என்றே சொல்வேன்.

கூப்பர்ஸ்டவுனில் உள்ள பேஸ்பால் புகழ்மண்டபம் 2013இல் ஃபிராங்க் ஜோபை அழைத்துச் சிறப்பித்தது. மிகச் சரியான செயல். ஜானும் அன்று அங்கிருந்தார். ஆனால் அந்த மண்டபத்தில் ஜானுக்கு இடமில்லை. 75 விழுக்காடு வாக்கு வேண்டிய தேர்தலில், 2009 வரை 15 ஆண்டுகள் நின்றும் அவருக்கு அதிகபட்சமாகக் கிடைத்தது 31.7 விழுக்காடு. பழைய வீரர்களை மீண்டும் பரிசீலிக்க 2024 டிசம்பரில் கூடிய குழுவில் 16 பேரில் 7 பேர் மட்டுமே அவரை ஆதரித்தார்கள். 300 வெற்றிகளை எட்டிய பிட்சருக்கு அந்தக் கதவு பெரும்பாலும் தானாகத் திறக்கும். ஜானுக்குக் குறைந்தவை 12. முழங்கை அவரிடமிருந்து பறித்துக்கொண்டது 1974இன் பிற்பாதியையும் 1975 முழுவதையும். பறிக்கப்படாத 1974இன் முற்பாதியில் மட்டும் அவர் வென்றவை 13.