இருபது நாளில் என்ன கற்றுவிட முடியும்?

கேள்வி: இந்திய, அமெரிக்கக் கமாண்டோக்கள் 'வஜ்ர பிரகார்' என்ற பெயரில் மூன்று வாரம் கூட்டுப் பயிற்சி செய்கிறார்கள். சியாச்சினில் நிற்கிற ராணுவத்துக்கு அவர்கள் புதிதாக என்ன கற்றுத்தரப் போகிறார்கள்? எல்லாம் போட்டோவுக்குத்தானே?
வாசகர், தென்காசி

பதில்: போட்டோவும் உண்டு. முதல் நாள் இரண்டு கொடி, கடைசி நாள் கேடயம், நடுவில் ஹெலிகாப்டரிலிருந்து கயிற்றில் இறங்கும் படம் ஒன்று. செய்திக் குறிப்பும் தேதியை மட்டும் மாற்றி எழுதியது போலத்தான் இருக்கிறது. ஆனால் அவர்கள் கற்றுத்தருகிறார்கள், நாம் கற்றுக்கொள்கிறோம் என்று எதை வைத்து முடிவு கட்டினீர்கள்? அந்த நினைப்பு இருக்கும்வரை இந்தப் பயிற்சியின் பயனும் பிடிபடாது, ஆபத்தும் பிடிபடாது.

அமெரிக்கச் சட்டத்தையே பாருங்கள். தங்கள் சிறப்புப் படை வெளிநாட்டுப் படையோடு சேர்ந்து பயிற்சி செய்ய ராணுவ பட்ஜெட்டிலிருந்து செலவு செய்யலாம் என்று 1991-ல் ஒரு பிரிவைச் சேர்த்தார்கள். பயிற்சியின் முதன்மை நோக்கம் அமெரிக்கப் படையைப் பழக்குவதாக இருக்க வேண்டும் என்பது அதில் உள்ள நிபந்தனை. வளரும் நாடாக இருந்தால் அந்தப் படைக்கு ஆகும் சாப்பாடு, எரிபொருள், பயிற்சித் தோட்டா, போக்குவரத்து போன்ற கூடுதல் செலவை ஏற்கலாம். சம்பளம் கொடுக்க முடியாது. அதாவது காகிதத்தில் அது உதவியே அல்ல, அவர்களுடைய பாடம்.

இதில் வெறும் தந்திரம் மட்டும் இல்லை. அமெரிக்கத் தரைப்படையின் சிறப்புப் படையான 'பச்சைத் தொப்பி'ப் படையின் அடிப்படை அணி 12 பேர் கொண்டது: ஒரு கேப்டன், ஒரு வாரண்ட் ஆபீசர், அணியை நடத்தும் மூத்த சார்ஜென்ட், உளவுக்கு ஒருவர், பிறகு ஆயுதம், வெடி-பொறியியல், மருத்துவம், வானொலி ஆகிய நான்குக்கும் இரண்டிரண்டு பேர். ஏன் இரண்டு? அணியை ஆறு ஆறாகப் பிரித்தாலும் ஒவ்வொரு பாதியிலும் ஒரு மருத்துவரும் ஒரு வானொலிக்காரரும் இருக்க வேண்டும். வேற்று நாட்டில், வேற்று மொழி பேசும் படையைத் திரட்டிப் பழக்குவதுதான் இவர்கள் தொழில். அந்தத் தொழிலைச் சொந்த ஊர் முகாமில் பழக முடியாது.

இனி வஜ்ர பிரகார். 2010-ல் தொடங்கியது. 2022-ல் இமாசலப் பிரதேசத்தின் பக்லோவில், 2023-ல் மேகாலயாவின் உம்ரோயில், 2024 நவம்பரில் அமெரிக்காவின் ஐடஹோ மாநிலத்தில் நடந்தது. ஐடஹோவில் தரப்புக்கு 45 பேர். 90 பேரை வைத்துக்கொண்டு யாரும் யாருக்கும் போர்க்கலை சொல்லித்தர முடியாது. சோதிக்க முடிவது ஒன்றே ஒன்று: இரண்டு படைகள் ஒன்றையொன்று தொடும் இடங்களில் எது அறுந்துபோகிறது என்பது.

அந்த இடங்களில் அறுந்தால் என்ன ஆகும் என்பதற்கு அமெரிக்கர்களே சாட்சி. 1980 ஏப்ரலில் ஈரானின் தெஹ்ரானில் தங்கள் தூதரகப் பிணைக்கைதிகளை மீட்கப் போனார்கள். கடற்படையின் ஹெலிகாப்டர், அதை ஓட்டியவர்கள் பெரும்பாலும் மரைன்கள், விமானப்படையின் சரக்கு விமானம், தரைப்படையின் டெல்டா கமாண்டோக்கள். எல்லோரும் ஒன்றாக முழு ஒத்திகை ஒருமுறைகூடப் பார்க்கவில்லை. புறப்பட்ட எட்டு ஹெலிகாப்டர்களில் ஆறு பாலைவனத்தில் வந்து சேர்ந்தன. அதிலும் ஒன்று ஹைட்ராலிக் பழுது. ஆறுக்குக் குறைந்தால் திரும்பிவிடுவது என்பது திட்டம். திரும்பும்போது புழுதியில் ஒரு ஹெலிகாப்டர் விமானத்தில் மோதி எட்டுப் பேர் செத்தார்கள். ஒவ்வொரு பிரிவும் தன் வேலையில் கெட்டிக்காரர்கள்தான். 1987-ல் எல்லாச் சிறப்புப் படைகளையும் ஒரே தலைமையின் கீழ் கொண்டுவந்ததற்கு இந்தத் தோல்வி ஒரு பெரிய காரணம்.

சரி, மூன்று வாரத்தில் அப்படி என்னதான் பார்க்கிறார்கள்? முதலில் இடம் சொல்லும் முறை. ஒருவர் '12 நிமிடம் 30 விநாடி' என்கிறார். மற்றவர் அதையே '12.30 நிமிடம்' என்று குறித்துக்கொள்கிறார். 0.30 நிமிடம் என்பது 18 விநாடிதான். அட்சரேகையில் 12 விநாடி தவறினால் தரையில் சுமார் 370 மீட்டர். குண்டு போட இது போதும், தப்பான கூரையில். அதனால்தான் இரு தரப்பும் ஒரே கட்ட வரைபட முறைக்கு வந்துவிட்டு, கேட்டவர் திருப்பிச் சொல்லி, சொன்னவர் 'சரி' என்ற பிறகே அடுத்த வார்த்தை என்று பழகுகிறார்கள். சின்ன விஷயம் என்று நினைக்காதீர்கள். 2001 டிசம்பர் 5 அன்று கந்தஹாருக்கு வடக்கே ஒரு அமெரிக்க அணியின் ஜிபிஎஸ் கருவியில் பேட்டரி மாற்றினார்கள். மறுபடி உயிர்பெற்ற கருவி தான் இருக்கும் இடத்தையே காட்டியது. அந்த எண்ணே மேலே இருந்த பி-52 விமானத்துக்குப் போயிற்று. 2,000 பவுண்டு குண்டு அவர்கள் தலையிலேயே விழுந்தது. மூன்று அமெரிக்கர்களும் கூட இருந்த ஆப்கானியர் பலரும் செத்தார்கள். அங்கேயே இருந்த, பின்னாளில் ஆப்கான் அதிபரான ஹமீத் கர்சாய் காயத்தோடு தப்பினார். ஒருவர் அந்த எண்ணைத் தன் வரைபடத்தில் வைத்துப் பார்த்திருந்தால் போதும்.

அடுத்தது வானொலி. இதில்தான் அதிக நேரம் வீணாகும். பேச்சைப் பூட்டித் திறக்கும் சங்கேதச் சாவி இல்லாவிட்டால் பக்கத்தில் நிற்பவர் பேச்சே கேட்காது. சாவியை இன்னொரு நாட்டுக்குக் கொடுக்க ஒப்பந்தம் வேண்டும். இந்தியா அந்த ஒப்பந்தத்தில் 2018 செப்டம்பரில்தான் கையெழுத்திட்டது. அதற்கு முன் வாங்கிய சி-130 விமானங்களே அமெரிக்கச் சங்கேத வானொலி இல்லாமல்தான் வந்தன. ஒப்பந்தம் இருந்தாலும் பயிற்சிக் களத்தில் கைகொடுப்பது பழைய வழிதான்: நம் ஆள் ஒருவர் நம் வானொலியோடு அவர்கள் அணியில், அவர்கள் ஆள் ஒருவர் நம் அணியில். அந்த ஆளுக்கு ஒரு மாற்றும் வேண்டும், இல்லாவிட்டால் அவர் காலில் சுளுக்கு என்றால் பாலமே போயிற்று.

கயிற்றில் இறங்குவது படத்தில் பார்க்க எளிது. இடுப்பில் கொக்கி கிடையாது. கையுறையும் இரண்டு பாதமும்தான் பிரேக். சுமை கூடினால் கை எரியும், பிடி தளரும். முன்னவர் விலகும் முன் பின்னவர் இறங்கினால் கணுக்கால் போகும். ஹெலிகாப்டர் கொஞ்சம் நகர்ந்தால் கயிற்றின் நுனி தரையை விட்டு எழும்பிவிடும். 'நிறுத்து' என்பதற்கு நம் ஆட்கள் காட்டும் சைகை அவர்களுக்கு வேறாக இருக்கலாம். அதனால் முதலில் கோபுரத்தில், பிறகு பகலில் சுமையின்றி, பிறகு சுமையோடு, கடைசியில்தான் இரவுக் கண்ணாடி போட்டுக்கொண்டு. அறைக்குள் நுழையும் பாடத்திலும் அதே வரிசை: வெற்றுத் துப்பாக்கி, ஓசைத் தோட்டா, பிறகே உண்மைத் தோட்டா. முதல் ஆள் இடம் போவாரா வலம் போவாரா என்பதில் இரு படைக்கும் பழக்கம் வேறாக இருந்தால், ஒருவர் துப்பாக்கி வாய் இன்னொருவர் முதுகைக் கடக்கும். தோட்டாவில் சிக்கல் குறைவு. நம் சிறப்புப் படையின் டவோர் துப்பாக்கியும் அவர்கள் எம்4 துப்பாக்கியும் ஒரே 5.56 மி.மீ. தோட்டாதான், மேகசினும் பொருந்தும். ஏகே வைத்திருப்பவர்தான் தனியாள்.

காயம்பட்டவரைக் கையாள்வதில் இரு தரப்பும் ஒரே வரிசையில் யோசித்தாக வேண்டும்: முதலில் பெரிய ரத்தப்போக்கு, பிறகுதான் மூச்சுக்குழாய். இறுக்குப் பட்டை போட்ட நேரத்தை எழுதாமல் விட்டால், ஹெலிகாப்டரில் வாங்கிக்கொள்கிற மருத்துவருக்குக் கை கட்டியதுபோல ஆகிவிடும். ஹெலிகாப்டரை அழைக்கும் செய்திக்கு ஒன்பது வரி. முதல் வரி இடம், இரண்டாவது அலைவரிசையும் அழைப்புப் பெயரும், மூன்றாவது அவசர வாரியாக எத்தனை பேர். வரிசை மாறினால் எதிர்முனை எல்லாவற்றையும் மறுபடி கேட்கும்.

இதெல்லாம் பயன். ஆபத்து வேறு இடத்தில் இருக்கிறது, அதை நீங்கள் கேட்கவேயில்லை. துப்பாக்கி பிடிக்கக் கற்றுத்தரலாம். யார் பேச்சைக் கேட்பார் என்பதை மூன்று வாரத்தில் கற்றுத்தர முடியாது. 2021 செப்டம்பரில் கினியா நாட்டின் சிறப்புப் படை அதிபரைப் பிடித்து ஆட்சியைக் கவிழ்த்தபோது, அதே படைக்கு அமெரிக்கப் பச்சைத் தொப்பியினர் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தார்கள். இந்தோனேசியக் கதை இன்னும் மோசம். 1991-ல் கிழக்குத் திமோரின் திலியில் அந்நாட்டு ராணுவம் நடத்திய படுகொலைக்குப் பிறகு அமெரிக்க நாடாளுமன்றம் ஒரு ராணுவப் பயிற்சித் திட்டத்தை நிறுத்தியது. ஆனால் 'இது எங்கள் ஆட்களுக்கான பயிற்சி' என்ற வாசல் வழியாக இந்தோனேசியச் சிறப்புப் படையான கோபாசஸோடு கூட்டுப் பயிற்சி 1998 வரை ஓடியது. இலங்கை ராணுவத்துக்கும் 1990-களில் அதே வகைப் பயிற்சி போய்க்கொண்டிருந்தது. கொடிய மனித உரிமை மீறல் செய்த பிரிவுக்கு உதவி கூடாது என்ற லீஹி விதி இதே கண்டனங்களுக்கிடையில்தான் வந்தது. பெயர்ப் பட்டியலைச் சரிபார்க்கிறார்கள். பட்டியலில் இல்லாத பழைய கணக்கை யார் பார்ப்பது?

இந்தியாவுக்கு அந்த அச்சம் இல்லை. நமக்குள்ள கோளாறு வீட்டுக்குள். பாரா சிறப்புப் படை தரைப்படையில், மார்கோஸ் கடற்படையில், கருட் விமானப்படையில், என்எஸ்ஜி என்கிற தேசியப் பாதுகாப்புப் படை உள்துறையில். 2008 மும்பைத் தாக்குதலில் கமாண்டோக்களில் முதலில் உள்ளே போனது அருகே இருந்த மார்கோஸ். என்எஸ்ஜி டெல்லிக்கு அருகே மானேசரிலிருந்து கிளம்ப, ஐஎல்-76 விமானத்தைச் சண்டிகரிலிருந்து வரவழைக்க வேண்டியிருந்தது. மும்பை சேர மறுநாள் காலை ஆகிவிட்டது. அதன் பிறகுதான் சென்னை உட்பட நான்கு நகரங்களில் என்எஸ்ஜி தளம் வந்தது. 2023 ஜனவரி-பிப்ரவரியில் அமெரிக்கச் சிறப்புப் படையோடு என்எஸ்ஜியின் 'தர்கஷ்' பயிற்சி சென்னையில் நடந்ததற்கும் இதுதான் பின்னணி. முப்படைச் சிறப்புப் படைக்கு ஒரு கூட்டுத் தலைமை வேண்டும் என்று, பாதுகாப்புச் சீர்திருத்தம் பற்றி ஆராய்ந்த நரேஷ் சந்திரா குழு 2012-ல் சொன்னது; அதைவிடச் சிறிய ஒரு கூட்டுப் பிரிவுக்கான ஒப்புதலே 2018-ல்தான் கிடைத்தது.

ஆகவே அமெரிக்கர்கள் நமக்கு என்ன கற்றுத்தருவார்கள் என்று கேட்பதை விடுங்கள். பக்லோவில் அவர்களோடு ஒரே அலைவரிசையில் பேசிய நம் பாரா வீரர், அதே ஒத்திகையை ஒரு மார்கோஸ் அணியோடும் ஒரு என்எஸ்ஜி அணியோடும் ஆண்டுக்கு எத்தனை நாள் செய்கிறார் என்று கேளுங்கள். அதற்கான செய்திக் குறிப்பு வந்து நான் பார்த்ததில்லை.