பேர்ல டென்ட்ரான் இருந்தா எல்லாம் மரம் தானா?

கேள்வி: கோத்தகிரி பக்கம் சின்னதா ஹோம்ஸ்டே நடத்துறேன். தோட்டத்துக்குன்னு நர்சரில ரோடோடென்ட்ரான், பிலோடென்ட்ரான், டென்ட்ரோபியம், கிளிரோடென்ட்ரம்னு நாலு செடி வாங்கியாச்சு. டென்ட்ரான்னா மரம்னு அர்த்தம், எல்லாம் பெருசா வரும், வேலியோரமா பத்தடிக்கு ஒண்ணா குழி எடுத்து வச்சுடுங்கன்னாங்க. எல்லாத்தையும் ஒரே மாதிரி நடலாமா? வீட்டுல ஆடு இருக்கு, அதுக்கு ஏதும் ஆகுமா? பொண்ணு பயாலஜி புக்ல நியூரான் படத்துல டென்ட்ரைட்னு போட்டிருக்கு, அதுவும் இதுவும் ஒண்ணான்னு வேற கேக்கறா.

பதில்: அண்ணா, குழி எடுக்கறத முதல்ல நிறுத்துங்க. நீங்க வாங்கின நாலுல மண்ணுல குழி எடுத்து வெளிய நடவேண்டியது ஒண்ணே ஒண்ணுதான். இன்னொன்ன மண்ணுல வச்சா அழுகிடும், மத்த ரெண்டும் ஏறிப் போற கொடி, அதுக்கு நம்ம குளிரும் ஆகாது.

நர்சரிகாரர் சொன்னதும் பொய் இல்ல. கிரேக்கத்துல டென்ட்ரான்னா மரம்தான். நம்ம தேவதாருல இருக்கற தாரு, அதுகூட இந்த வார்த்தைக்கு தூரத்து சொந்தம்னு மொழி ஆராய்ச்சிக்காரங்க சொல்றாங்க. ஆனா செடிக்கு பேர் வச்சவங்க ‘இது மரம்’னு சொல்றதுக்கு மட்டும் அந்த வார்த்தைய எடுக்கல, ‘மரத்து மேல வாழுது’, ‘மரத்த தேடிப் போகுது’, ‘மரம் மாதிரி வளருது’ன்னு சொல்றதுக்கும் அதையேதான் எடுத்தாங்க. அதனால டென்ட்ரான்ங்கறத விட்டுட்டு அதோட ஒட்டியிருக்கற மீதி துண்ட பாருங்க, செடிய எங்க வைக்கணும்ங்கறதுல பாதி அங்கயே தெரிஞ்சுடும்.

ரோடோன்னா ரோஜா. ரோஜா மரம், அவ்ளோதான். பழைய கிரேக்கத்துல இந்தப் பேர நம்ம அரளிக்குத்தான் சொன்னாங்க, செடிகளுக்கு அறிவியல் பேர் வச்ச லின்னேயஸ் 1753ல இப்ப நாம சொல்ற செடிக்கூட்டத்துக்கு அதை நிரந்தரமாக்கிட்டாரு. உங்க நாலுல உண்மையிலயே மரம்ங்கற பேருக்கு தகுதி உள்ளது இது ஒண்ணுதான், நம்ம மலைக்கே சொந்தமான வகையும் இதுல இருக்கு. தொட்டபெட்டா பக்கம், அவலாஞ்சி, அப்பர் பவானி போற வழியில எல்லாம் புல்வெளி ஓரத்துல முறுக்கிக்கிட்டு நின்னு ஜனவரி, பிப்ரவரி வாக்குல ரத்தச் சிவப்பா பூக்குமே, காட்டுப்பூவரசுன்னு சொல்வோமே, அது ரோடோடென்ட்ரான் தான். தென்னிந்தியாவுல இயற்கையா இருக்கற ரோடோடென்ட்ரான் இது ஒண்ணுதான், நம்ம நீலகிரி, ஆனைமலை, பழனிமலைன்னு உயரத்துல மட்டும் இருக்கு, இதோட அண்ணன் தம்பி நிறைய இமயமலையில இருக்கு. அங்க இருக்கற இதே இனம்தான் உத்தராகண்டுக்கு மாநில மரம், நேபாளத்துக்கு தேசிய மலர். பட்டைய தொட்டுப் பாத்தா தக்கை மாதிரி தடிமனா வெடிச்சு வெடிச்சு இருக்கும், புல்லுக்கு தீ பிடிச்சாலும் தாக்குப் பிடிக்கிறது அதனாலதான்.

ஆனா உங்க தொட்டியில இருக்கறது அதுவான்னு பாக்கணும். நர்சரில ரோடோடென்ட்ரான்னு விக்கறது நிறைய எடத்துல அசேலியாவா இருக்கும், அதுவும் ரோடோடென்ட்ரான் பேரினத்துக்குள்ள தான் வருது, பேர் தப்பில்ல, ஆனா அது இடுப்பளவு, நெஞ்சளவு புதர். ஒரு இலைய திருப்பிப் பாருங்க. தோல் மாதிரி தடிப்பா நீளமா இருந்து அடிப்பக்கம் வெள்ளி கலரோ துருக் கலரோ பஞ்சு படிஞ்ச மாதிரி இருந்தா மரம். இலை சின்னதா மெல்லிசா இருந்தா அசேலியா. பூ இருந்தா இன்னும் சுலபம், அசேலியாவுல பெரும்பாலும் அஞ்சு மகரந்தத் தண்டு, மரத்துல பத்து. அசேலியான்னா மூணு நாலடி இடைவெளி போதும், காட்டுப்பூவரசுன்னா பதினஞ்சடியாவது விடுங்க, மெதுவாத்தான் வரும், பொறுமை வேணும்.

நடறதுல ஒரு விஷயம். இதோட வேர் நூல் மாதிரி, மேலாகவே ஓடும், ஆழமா குழி எடுத்து கழுத்து வரைக்கும் மண்ணு மூடினீங்கன்னா மூச்சு முட்டி செத்துடும். தொட்டியில மண்ணு எந்த மட்டத்துல இருக்கோ அதே மட்டம், இல்ல ஒரு விரல்கடை மேல. சுத்தி கொத்தாதீங்க, களை வந்தா கையால புடுங்குங்க, இலை மக்க மேல பரப்பி விடுங்க. மண்ணு புளிப்பா இருக்கணும், பிஎச் நாலரைலருந்து ஆறுக்குள்ள. தேயிலை நல்லா வர்ற மண்ணுன்னா இதுவும் வரும், அந்த வகையில நீங்க கொடுத்து வச்சவங்க. சுண்ணாம்பு போடவே கூடாது, அதைவிட முக்கியம் அடுப்புச் சாம்பல். நம்ம வீடுகள்ல சாம்பல வாரிக் கொண்டுபோய் செடி அடியில கொட்டற பழக்கம் இருக்கு, காய்கறிக்கு நல்லதுதான், இதுக்கு விஷம் மாதிரி. சாம்பல் மண்ணோட புளிப்ப போக்கிடும், அப்புறம் மண்ணுல இரும்புச்சத்து இருந்தும் வேரால எடுக்க முடியாது, புது இலையில நரம்பு மட்டும் பச்சையா நிக்கும், நடுவுல எல்லாம் மஞ்சளா வெளுத்துடும். இலை அப்படி ஆச்சுன்னா உரம் பத்தலைன்னு யூரியா போட்டுடாதீங்க, கோளாறு மண்ணுல.

இப்ப ஆட்டு விஷயம், நீங்க கேட்டதுலயே இதுதான் அவசரம். ரோடோடென்ட்ரான், அசேலியா ரெண்டுலயும் இலை, பூ எல்லாத்துலயும் கிரேயனோடாக்சின்னு ஒரு நஞ்சு இருக்கு. ஆடு கொஞ்சம் தழை தின்னாலே சில மணி நேரத்துல வாயில நுரை தள்ளும், பல்ல நறநறன்னு கடிக்கும், ஆடு வாந்தி எடுக்கறது அபூர்வம், இதுல எடுக்கும், அப்புறம் நிக்க முடியாம தள்ளாடும். பாத்த உடனே கால்நடை டாக்டர கூப்பிடணும், எண்ணெய ஊத்தறேன் மோர ஊத்தறேன்னு நேரத்த கடத்தக் கூடாது, தள்ளாடற ஆட்டுக்கு வாயில எதையும் ஊத்தினா நுரையீரலுக்குள்ள போயிடும். வேலியோரம்னு சொன்னாங்கல்ல, அந்த எடம்தான் இதுக்கு வேண்டவே வேண்டாம், ஆடு கழுத்த நீட்டற எடம் அது. வீட்டு முன்பக்கம், ஆடு வராத எடமா வைங்க. கவாத்து பண்ண கிளைய வெளிய வீசினாலும் அதே ஆபத்துதான், காய்ஞ்சாலும் நஞ்சு போகாது.

தேன் பெட்டி வச்சிருக்கறவங்க இதக் கேட்டா பயப்படுவாங்க. கருங்கடல் கரையில, இப்ப துருக்கியில இருக்கற டிராப்சான் பக்கம், கி.மு. 400 வாக்குல ஒரு கிரேக்கப் படை தேன் சாப்பிட்டு மொத்தமா தள்ளாடி விழுந்துச்சுன்னு அந்தப் படைத்தலைவர்கள்ல ஒருத்தரான செனபோனே எழுதி வச்சிருக்காரு. ஒருத்தரும் சாகல, மூணு நாலு நாள்ல எந்திரிச்சுட்டாங்க. அங்க மலை முழுக்க ரோடோடென்ட்ரான் புதர், தேனீக்கு வேற பூவே கிடைக்காத சீசன்ல நஞ்சு தேன்ல கூடிடுது. உங்க தோட்டத்துல ஒண்ணு ரெண்டு செடி வைக்கறதால அப்படி ஆகாது, தேனீ நூறு பூவுக்கு போய்ட்டு வருது.

அடுத்து பிலோடென்ட்ரான். பிலோன்னா அன்பு, பிரியம். மரத்து மேல பிரியப்பட்டது, அதாவது மரத்தப் பிடிச்சு ஏறிப் போற கொடி. அமெரிக்க வெப்பக்காட்டுச் செடி, ராத்திரி பத்து பன்னெண்டு டிகிரிக்கு கீழ போனா இலை கருகிடும், கோத்தகிரில டிசம்பர், ஜனவரில அது சாதாரணம். வெளிய வைக்காதீங்க. கண்ணாடி போட்ட வராண்டாவுல, நேர் வெயில் படாத வெளிச்சத்துல, தொட்டிக்கு நடுவுல தென்னைநார் சுத்தின குச்சி ஒண்ணு நட்டு விடுங்க. கணுவுல இருந்து வர்ற வேர் அந்த நார கவ்விக்கும், குச்சிய ஈரமா வச்சீங்கன்னா மேல போகப் போக இலை பெருசாகும், குச்சி இல்லாம தொங்க விட்டா பல வகையில இலை சிறுத்துக்கிட்டே வரும். இது சேனைக்கிழங்கு, சேப்பங்கிழங்கு குடும்பம். சேனை நறுக்கும்போது கை அரிக்கறது எதனாலயோ, ஊசி மாதிரி இருக்கற அந்த கால்சியம் ஆக்சலேட் படிகம், அதேதான் இதுலயும். ஹோம்ஸ்டேன்னா குழந்தைங்க வருவாங்க, இலைய கடிச்சா நாக்கும் உதடும் வீங்கி எச்சில் ஒழுகும், கைக்கு எட்டாம வைங்க. மணிபிளான்டையும் சிலர் பிலோடென்ட்ரான்னு விப்பாங்க, அது எபிப்ரெம்னம், வேற பேரினம். அந்தப் பேருக்கும் அடிமரத்து மேல இருக்கறதுன்னுதான் அர்த்தம், கடிச்சா அதுலயும் இதே கதைதான்.

டென்ட்ரோபியம் எனக்கு ரொம்பப் பிடிச்சது. டென்ட்ரோ மரம், பயோஸ் வாழ்க்கை. மரத்து மேல வாழறது. ஆர்க்கிட். பேர்லயே வீட்டு விலாசம் இருக்கு, அதையும் மண்ணுல புதைக்கறவங்க இருக்காங்கங்கறதுதான் மனசுக்கு கஷ்டமா இருக்கு. அந்த வேர ஒருதடவ கிட்டத்துல பாருங்க, காஞ்சிருக்கும்போது வெள்ளையா சாக்பீஸ் மாதிரி இருக்கும், தண்ணி தெளிச்ச கொஞ்ச நேரத்துல பச்சையா மாறும். மேல இருக்கற அந்த வெள்ளை உறை தண்ணிய உறிஞ்சி வச்சுக்கும், அப்புறம் காத்துல காயும், திரும்ப நனையும், இப்படி நனைஞ்சு காய்ஞ்சு வாழற வேர் அது, எப்பவும் ஈரமா இருக்கற மண்ணுக்குள்ள போனா ஒரு மழைக்காலம் தாங்காது. மரத்துச் சத்த உறிஞ்சாது, ஒட்டுண்ணி கிடையாது, பயப்படாம எந்த மரத்துல வேணா கட்டலாம், ஆனா கற்பூர மரத்துல, அதான் யூகலிப்டஸ், அதுல மட்டும் வேண்டாம். அது வருஷா வருஷம் பட்டைய உரிச்சுப் போட்டுடும், வேர் பிடிச்ச பட்டையோட செடியும் கீழ வந்துடும். உங்க தோட்டத்துல பழைய பேரி மரமோ பிளம்ஸ் மரமோ சொரசொரன்னு நின்னா அதுதான் சரியான எடம். தென்னைநார கொஞ்சம் வச்சு, பருத்தித் துணிக் கீத்தால கிழக்குப் பக்கமா கட்டுங்க, வேர் பிடிக்கறதுக்குள்ள துணி தானா இத்துப் போயிடும்.

எந்த டென்ட்ரோபியம்ங்கறதும் முக்கியம். நோபைல் வகைன்னா உங்க ஊருக்குன்னே செஞ்ச மாதிரி, குளிர் காலத்துல தண்ணிய நல்லா குறைச்சுட்டீங்கன்னா வெயில் வரும்போது தண்டு நெடுக பூக்கும். தாய்லாந்துல இருந்து வர்ற, நீளக் கொத்து பூ விடற கலப்பு வகைன்னா பதினஞ்சு டிகிரிக்கு மேல வேணும், அதை வீட்டுக்குள்ள வைங்க. சோலைக்காட்டுல மரத்துல இருக்கற ஆர்க்கிட்ட பிச்சுட்டு வந்து கட்டலாம்னு யாராவது சொன்னா கேக்காதீங்க, ஒதுக்குக் காட்டுல இருந்து எடுக்கறது குத்தம், தவிர அது பெரும்பாலும் பொழைக்கவும் பொழைக்காது.

கிளிரோடென்ட்ரம் பத்தி கொஞ்சமா சொல்றேன். கிளிரோஸ்னா திருவுளச்சீட்டு, அதிர்ஷ்டம். இந்தக் கூட்டத்துல ஒரு செடிக்கு அதிர்ஷ்டம் உள்ளதுன்னும் இன்னொண்ணுக்கு அதிர்ஷ்டம் கெட்டதுன்னும் லின்னேயஸே பேர் வச்சிருக்காரு. நம்ம நாட்டு மருந்துல வர்ற தழுதாழை, சிறுதேக்கு எல்லாம் இந்தப் பேர்ல இருந்ததுதான், சிறுதேக்க இப்ப வேற பேரினத்துக்கு மாத்திட்டாங்க. நர்சரில அழகுக்கு விக்கறது வெள்ளைப் பைக்குள்ள இருந்து சிவப்பு பூ எட்டிப் பாக்கற கொடியா இருந்தா அது மேற்கு ஆப்பிரிக்கா சரக்கு, பனி ஆகாது. பெரிய தொட்டியில வச்சு ஒரு பந்தல் கம்பிய குடுத்து, சுவரோரமா வெயில் விழற எடத்துல வைங்க, பூத்து முடிஞ்சதும் வெட்டி விடுங்க.

பாப்பா கேட்டதுக்கு, ஆமா, அதே வார்த்தைதான். நியூரான்ங்கற நரம்பு செல்லுல இருந்து கிளை கிளையா பிரிஞ்சு பக்கத்து செல்லுங்க அனுப்பற சிக்னல வாங்கறது டென்ட்ரைட், கிளை விரிஞ்ச மரம் மாதிரி தெரிஞ்சதால அந்தப் பேர். இங்க மரமே கிடையாது, மரத்தோட உருவம் மட்டும்தான். மரம் மாதிரி கிளைவிட்ட எதைப் பாத்தாலும் விஞ்ஞானத்துல இந்தப் பேர்தான், நோய் எதிர்ப்புல டென்ட்ரிடிக் செல்னு ஒண்ணு இருக்கு, 1973ல ரால்ஃப் ஸ்டைன்மேன் கண்டுபிடிச்சதா அறிவிச்சாரு, 2011ல நோபல் குடுத்தாங்க, அறிவிப்பு வர்றதுக்கு மூணு நாள் முன்னாடி அவர் இறந்துட்டாரு. கல்லுக்குள்ள கருப்பா பெரணி இலை மாதிரி கோலம் இருக்குமே, அதை ‘ஆதிகாலத்துச் செடி கல்லாயிடுச்சு’ன்னு விலை சொன்னா நம்பாதீங்க, பெரும்பாலும் அது மாங்கனீசு ஆக்சைடு விரிசல்ல படிஞ்சு கிளைவிட்டது, அதுக்கும் டென்ட்ரைட்னுதான் பேர்.

இன்னொண்ணு உங்களுக்கே நேரடியா உதவும். ஹோம்ஸ்டேக்கு எலெக்ட்ரிக் ஸ்கூட்டர்ல வர்றவங்க சார்ஜ் போடக் கேப்பாங்கல்ல. லித்தியம் பேட்டரி உறையற குளிர்ல இருக்கும்போது சார்ஜ் போட்டா லித்தியம் உள்ள போய் சேராம மேலயே உலோகமா படியும், அது ஊசி ஊசியா கிளைவிட்டு வளரும், வளந்து நடுவுல இருக்கற மெல்லிசு தடுப்ப துளைச்சா ஷார்ட் ஆகி தீ பிடிக்கற அளவுக்கு போகலாம். அந்த ஊசிக்கும் டென்ட்ரைட்னுதான் பேர். நல்ல பேட்டரில குளிர்ல சார்ஜ் ஏறாம தடுக்கற சர்க்யூட் இருக்கும், எல்லாத்துலயும் இருக்கும்னு நம்ப முடியாது. ஊட்டி பக்கம் பள்ளத்துல பூஜ்ஜியத்துக்கு கீழ போற ராத்திரிகள் உண்டு, உங்க எடத்துலயும் புல்லு வெள்ளையா இருக்கற காலையில வெளிய நின்ன வண்டிக்கு உடனே பிளக் போடாதீங்க, வெயில் ஏறி வண்டி சூடாகட்டும்.

கடைசியா வேலியோரம். அங்க ஏதாவது வைக்கணும்தான், அதுக்கும் ஒரு டென்ட்ரோ இருக்கு, டென்ட்ரோகலாமஸ், மர நாணல், நம்ம கல் மூங்கில் அந்த இனம்தான். அது மரம் இல்ல, புல்லு, ஆடு தழைய கடிச்சாலும் ரோடோடென்ட்ரான் மாதிரி ஒண்ணும் ஆகாது. கோத்தகிரி உயரத்துல கல் மூங்கில் அவ்வளவு நல்லா வராது, குஞ்சப்பனை பக்கம் கீழ எடம் இருந்தா வைங்க. ஒருவேளை உங்க பட்டா நிலத்துலயே பழைய காட்டுப்பூவரசு ஏதும் நின்னா அதை வெட்டிடாதீங்க, மலைப்பகுதி மரங்கள் பாதுகாப்புன்னு 1955லயே சட்டம் இருக்கு, சொந்த நிலமா இருந்தாலும் அனுமதி வாங்கணும்.

இப்போதைக்கு ரோடோடென்ட்ரான் இலைய திருப்பி அடிப்பக்கத்த ஒரு போட்டோ எடுத்து அனுப்புங்க, மரமா புதரான்னு பாத்து சொல்றேன். அதுவரைக்கும் தொட்டியிலயே இருக்கட்டும், ஆடு ஏற முடியாத எடமா பாத்து வைங்க.